செடியைப் பிடுங்கினால் டெங்கு போய்விடுமா?



கொஞ்சம் நீளமான பதிவு. முழுவதும் படித்துவிட்டுக் கருத்து எழுதுங்கள். முப்பத்து நாலு வருடம் விடைத்தாள் திருத்தியவள் நான். படிக்காமல் எழுதியதை முதல் வரியிலேயே கண்டுபிடித்துவிடுவேன்.

விஷயம் இதுதான். போன மாதம் எங்கள் வண்டியூரில் அடுத்த தெருவில் இரண்டாம் வகுப்புப் படிக்கும் ஒரு குழந்தைக்கு டெங்கு வந்தது. ஐந்து நாள் ஆஸ்பத்திரியில் வைத்திருந்தார்கள். தட்டணுக்கள் இறங்குகிறது, ஏறுகிறது என்று அந்தத் தாய் பட்ட பாட்டை நானும் பக்கத்தில் இருந்து பார்த்தேன். நல்லபடியாக வீடு வந்து சேர்ந்தது. அந்த வாரமே எங்கள் தெரு வாட்ஸ்அப் குழுவில் ஒரு செய்தி சுற்ற ஆரம்பித்தது. "புரோமிலியாட் என்னும் அழகுச்செடி ஒரு கொசுத் தொழிற்சாலை. வீட்டில் இருந்தால் உடனே பிடுங்கி எறியுங்கள்." கீழே சிவப்பாக நாலு ஆச்சரியக்குறி. யார் எழுதியது, எந்த ஊரில் எழுதியது, ஒன்றும் இல்லை.

எங்கள் தெருவில் அந்தச் செடி இருப்பது என் வீட்டில் மட்டும்தான்.

அன்று சாயங்காலமே தெருக்காரர்கள் ஐந்தாறு பேர் வந்துவிட்டார்கள். ஒருவர் பதமாகத்தான் சொன்னார். "டீச்சர், தப்பா எடுத்துக்காதீங்க. பிள்ளைக இருக்க தெரு. அந்த அன்னாசிப் பூச்செடிகளை மட்டும் எடுத்துருங்க." இன்னொருவர், "எடுக்க மனசில்லன்னா துத்தத்தைக் கரைச்சு ஊத்துங்கக்கா, புழு அத்தனையும் செத்துரும்" என்றார். நான் ஒரு வாரம் அவகாசம் கேட்டேன். அந்த ஒரு வாரத்தில் படித்ததையும் பார்த்ததையும்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலில் செடியைப் பற்றித் தெரியாதவர்களுக்காக. புரோமிலியாட் என்பது ஒரு செடியின் பெயர் அல்ல, ஒரு குடும்பத்தின் பெயர். மூவாயிரத்துக்கும் மேற்பட்ட இனங்கள். ஏறக்குறைய எல்லாமே அமெரிக்கக் கண்டங்களைச் சேர்ந்தவை. ஆப்பிரிக்காவின் மேற்கில் ஒரே ஒரு இனம் உண்டு. இந்தக் குடும்பத்தில் நமக்கெல்லாம் நன்றாகத் தெரிந்த ஒரு பிள்ளை அன்னாசி. போர்ச்சுகீசியர் வழியாக 16-ஆம் நூற்றாண்டில் இந்தியாவுக்கு வந்தது. இன்றைக்குக் கொல்லிமலை அன்னாசி என்று பெயர் சொல்லி விற்கும் அளவுக்கு நம்மூர்ப் பழமாகிவிட்டது. ஆக, "அன்னாசிப் பூச்செடி" என்று எங்கள் தெருவில் வைத்த பெயர் தாவரவியல்படியும் சரியான பெயர்.

பூவுக்காக வளர்ப்பவற்றில் பல இனங்களின் இலைகள் ஒன்றையொன்று இறுகப் பிடித்துக்கொண்டு நடுவில் ஒரு கிண்ணம் மாதிரி நிற்கும். மழைத் தண்ணீரை அந்தக் கிண்ணத்தில் பிடித்து வைத்துக்கொண்டு அதைக் குடித்தே பிழைக்கும். வேர் பெரும்பாலும் மரக்கிளையைப் பற்றிக்கொள்ளத்தான். இவற்றின் சொந்தக் காடுகளில் மர உச்சியில் இருக்கும் இந்தக் கிண்ணங்களில் தவளைகள் தங்கள் தலைப்பிரட்டைகளைக் கொண்டுவந்து வளர்க்கின்றன. ஒரு முறைதான் பூக்கும். பூத்ததும் தாய் மெல்ல மெல்ல மடியும், பக்கத்தில் கன்று விடும். நம் வாழை மாதிரியேதான்.

பல வருடங்களுக்கு முன் பெங்களூர் லால்பாக் மலர்க் கண்காட்சிக்குப் போனபோது இரண்டு செடி வாங்கி மடியில் வைத்துப் பஸ்ஸில் கொண்டுவந்தேன். "மதுரை வெயிலுக்கு இது தாங்காதும்மா" என்றுதான் விற்றவரே சொன்னார். ஒன்று தாங்கவில்லை. இன்னொன்று தாங்கியது. வேப்பமரத்தடியில் வடிகட்டின வெயிலில் வைத்தேன். தொட்டியில் மண்ணுக்குப் பதில் தேங்காய் மட்டைத் துண்டும் கரியும் செங்கல் ஜல்லியும் போட்டேன். அந்த ஒன்றின் கன்றுகளும், பிறகு வாங்கியவையும் சேர்ந்து இன்று முப்பத்தொரு தொட்டி. சித்திரை வெயிலில் மல்லிகையே துவண்டு நிற்கும்போது இது பளபளவென்று நிற்கும். ரோஜாவுக்கு ஊற்றுகிற தண்ணீரில் கால்வாசி போதும். குழாய்த் தண்ணீருக்குக் குடத்தோடு காத்திருக்கிற ஊரில் பூச்செடி வளர்க்க ஆசைப்படுகிறவளுக்கு இதைவிடப் பொருத்தமான செடி நான் பார்க்கவில்லை.

பூச்செடிக்காரியின் பாசத்தில் பேசுகிறேன் என்று நினைக்கலாம். அதனால் குற்றச்சாட்டை நேராகவே எடுத்துக்கொள்கிறேன்.

புரோமிலியாடில் கொசு முட்டையிடுமா? இடும். அதை நான் மறுக்கவே இல்லை. தேங்கிய தண்ணீர் எங்கே இருந்தாலும் கொசு முட்டையிடும்.

இந்தச் செடி உண்மையிலேயே பெரிய குற்றவாளியாக நின்ற இடமும் உண்டு. 1940-களில் கரீபியனில் உள்ள டிரினிடாட் தீவில் மலேரியா மக்களை வாட்டியது. குளம் குட்டையெல்லாம் சுத்தம் செய்தும் குறையவில்லை. கடைசியில் பார்த்தால் கொக்கோத் தோட்டங்களுக்கு நிழல் தரும் உயரமான மரங்களில் ஒட்டி வளர்ந்த புரோமிலியாட் கிண்ணங்களில்தான் அந்த மலேரியாக் கொசு பெருகிக்கொண்டிருந்தது. "புரோமிலியாட் மலேரியா" என்றே அதற்குப் பெயர் வந்தது. மரங்களின் மேல் துத்தக் கரைசலைத் தெளித்து அந்தச் செடிகளைக் கொன்றார்கள்.

கவனியுங்கள், துத்தம் தெளித்தது புழுவை மட்டும் கொல்ல அல்ல. செடியையே கொல்ல. செம்புச் சத்து இந்தக் குடும்பத்துக்கு விஷம். எங்கள் தெருக்காரர் சொன்ன யோசனையை நான் கேட்டிருந்தால் முப்பத்தொரு தொட்டியும் போயிருக்கும். அவர் நல்ல மனதோடுதான் சொன்னார். வாட்ஸ்அப்பில் வருவது பெரும்பாலும் இப்படி எங்கோ நடந்த ஒரு உண்மையின் கிழிந்த துண்டுதான்.

இதில் முக்கியமான சங்கதி, டிரினிடாட்டில் பரவியது மலேரியா. பரப்பிய அனாஃபிலிஸ் வகை அமெரிக்கக் கண்டத்துக்கே உரியது. நம்மூரில் அது கிடையாது. நமக்குக் கவலை டெங்கு. அதைப் பரப்பும் ஏடிஸ் எஜிப்தி வேறு ஜாதி, வேறு குணம். அது வீட்டோடு ஒட்டி வாழப் பழகின கொசு. பகலில் கடிக்கும். நாம் பிடித்து வைக்கும் தண்ணீரில்தான் அதற்கு ஆசை.

2016-இல் அமெரிக்காவின் மயாமியில் ஜிகா காய்ச்சல் வந்தது. அதையும் பரப்பியது இதே ஏடிஸ்தான். பயந்துபோய் மயாமி கடற்கரைத் தாவரவியல் பூங்காவில் இருந்த புரோமிலியாட் எல்லாவற்றையும் பிடுங்கினார்கள். அந்தச் செய்தியின் வால்தான் இன்றைக்கும் சுற்றுகிறது. அங்கே பிறகு ஆராய்ந்தவர்கள் இந்தச் செடிகளில் ஏடிஸ் எஜிப்தி புழுக்கள் இருந்ததைக் காட்டியிருக்கிறார்கள். அதற்கு முன்பே பிரேசிலில் ரியோ டி ஜெனிரோ தாவரவியல் பூங்காவில் எண்ணிப் பார்த்தவர்களுக்கு ஆயிரக்கணக்கான புழுக்களில் ஏடிஸ் எஜிப்தி விரல்விட்டு எண்ணும் அளவுக்குத்தான் கிடைத்தது. மற்றவை ஏறக்குறைய எல்லாமே டெங்குவுக்குச் சம்பந்தமில்லாத கொசுக்கள். இரண்டையும் நான் மறைக்காமல் சொல்கிறேன். ஊருக்கு ஊர், பராமரிப்புக்குப் பராமரிப்பு மாறும் என்பதுதான் இதிலிருந்து எனக்குப் புரிவது.

அப்படியானால் எங்கள் தெருவில் என்ன நிலைமை? இதை மயாமியில் இருப்பவரிடம் கேட்க முடியாது. தெருவில்தான் பார்க்க வேண்டும்.

பார்த்தேன். என் கண்ணாடி, ஒரு டார்ச், பழைய இங்க் ஃபில்லர், ஒரு வெள்ளைப் பீங்கான் கிண்ணம். முதலில் என் வீடு. முப்பத்தொரு தொட்டியிலும் கிண்ணத் தண்ணீரை உறிஞ்சி வெள்ளைக் கிண்ணத்தில் விட்டுப் பார்த்தேன். இருபத்தொன்பதில் ஒன்றும் இல்லை. சுவரோரம் பின்னால் தள்ளி வைத்திருந்த இரண்டில் நெளிகிற புழு இருந்தது. ஓஸ் பைப் எட்டாத மூலை. ஒரு மாதமாக நான் அந்தப் பக்கம் போகவே இல்லை. தப்பு என்னுடையது. எழுதி ஒப்புக்கொள்கிறேன்.

பிறகு, சொல்லிவிட்டு, அனுமதி கேட்டு, தெருவில் பதினோரு வீட்டுக்குப் போனேன். டீச்சர் என்பதால் யாரும் வேண்டாமென்று சொல்லவில்லை. வீட்டு நம்பர் சொல்லப்போவதில்லை, பயப்பட வேண்டாம். கண்டது மட்டும்:

மூடி சரியாக உட்காராத சிமெண்ட் தொட்டியில் புழு. மொட்டைமாடியில் கிடந்த பழைய டயருக்குள் புழு. ஒரு வீட்டில் ஃபிரிட்ஜின் பின்னால் தண்ணீர் சொட்டும் தட்டில் புழு. அந்த வீட்டம்மாவுக்கு அப்படி ஒரு தட்டு இருப்பதே அன்றைக்குத்தான் தெரியும். பறவைக்கு வைத்த மண்சட்டியில் புழு. புண்ணியத்துக்கு வைத்த தண்ணீர், மாற்றத்தான் யாரும் இல்லை. விளக்கு வெளிச்சத்தில் அழகாக வைத்திருந்த மணிபிளான்ட் பாட்டிலில் புழு. கட்டி முடிக்காத ஒரு வீட்டின் தண்ணீர்த் தொட்டி பற்றி நான் எழுதவே வேண்டாம், எட்டிப் பார்த்தால் தண்ணீரே அசைந்தது. தெருமுனைக் காலி மனையில் இளநீர்க் கூடும், பிளாஸ்டிக் டம்ளரும், பரோட்டாக் கடைக் குருமாப் பையும். ஒவ்வொன்றிலும் ஒரு கை மழைத் தண்ணீர்.

வாசலில் பெரிய பிளாஸ்டிக் டிரம் இல்லாத வீடே கிடையாது. குழாய்த் தண்ணீர் தினமும் வராத இடத்தில் டிரம் இல்லாமல் எப்படி? டிரம் வைப்பது குற்றமில்லை. அதன் வாயில் ஒரு பழைய வேட்டித் துணியை இறுக்கிக் கட்டாமல் விடுவதுதான் குற்றம்.

இப்போது கேட்கிறேன். இத்தனை இடத்தில் புழு நெளியும் தெருவில் டெங்குவுக்குக் காரணம் என்று கூட்டமாக வந்து கைகாட்ட ஏன் ஒரு பூச்செடியைத் தேர்ந்தெடுத்தோம்?

ஏனென்றால் அது அடுத்த வீட்டில் இருக்கிறது. டிரம் நம் வீட்டில் இருக்கிறது. அவ்வளவுதான் காரணம்.

இன்னொன்று. இலைக்கக்கத்தில் தண்ணீர் நிற்பதுதான் குற்றம் என்றால் பட்டியலை முழுதாகப் போடுங்கள். வாழையின் இலைக்கக்கத்தில் தண்ணீர் நிற்கும். சேம்பில் நிற்கும். தாழையில் நிற்கும். ஏடிஸ் குடும்பத்தின் இன்னொரு கொசுவான ஏடிஸ் அல்போபிக்டஸ் இந்த இடங்களிலும் முட்டையிடும். பக்கத்துக் கேரளத்தில் ரப்பர் பால் பிடிக்கும் சிரட்டையையும் அன்னாசித் தோட்டங்களையும் பற்றிச் சுகாதாரத் துறையினர் எச்சரிப்பது இதனால்தான். ரப்பர் மரத்தையா வெட்டினார்கள்? பால் எடுக்காத நாளில் சிரட்டையைக் கவிழ்த்து வை என்றுதான் சொன்னார்கள். வாழையைப் பிடுங்கச் சொல்ல எங்கள் தெருவில் ஒருவருக்கும் வாய் வராது. வீட்டில் விசேஷம் என்றால் வாசலில் என்ன கட்டுவது? பழகின செடிக்கு ஒரு நியாயம், பழகாத செடிக்கு ஒரு நியாயம்.

மதுரைக்காரர்களாகிய நமக்கு இதில் கூடுதல் வெட்கம் இருக்க வேண்டும். கொசுவைப் பற்றி ஆராய்வதற்கென்றே ஐ.சி.எம்.ஆர். அமைப்பின் மருத்துவப் பூச்சியியல் ஆய்வு மையம் இயங்கியது நம் சின்னச் சொக்கிகுளத்தில்தான். 1939-இலேயே பொதுச் சுகாதாரச் சட்டம் கொண்டுவந்த மாகாணம் நம்முடையது. கொசு வளரும்படி தண்ணீர் தேங்கவிடாமல் பார்த்துக்கொள்வது அங்கே குடியிருப்பவரின் பொறுப்பு என்று அந்தச் சட்டம் அன்றைக்கே சொல்லிவிட்டது. 2017-இல் தமிழ்நாட்டில் டெங்கு இருபதாயிரம் பேருக்கு மேல் தாக்கி, அறுபதுக்கும் மேற்பட்டோரைக் கொண்டுபோனது. அப்போது தெருத்தெருவாக நிலவேம்புக் குடிநீர் குடித்தோம். குடித்துவிட்டு டம்ளரைக் காலி மனையில் வீசினோம்.

வீடு வீடாக வந்து டிரம்மில் அபேட் மருந்து ஊற்றும் பெண்களை நாம் எப்படி நடத்துகிறோம் என்றும் யோசியுங்கள். வாசலோடு திருப்பி அனுப்புகிறோம். "எங்க வீட்ல எல்லாம் சுத்தமாத்தாம்மா இருக்கு" என்கிறோம். வெயிலில் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு நடக்கும் அந்தப் பிள்ளைகளில் ஒருத்தி என்னிடம் படித்தவள். அவள் சொன்னாள்: "டீச்சர், தொட்டியைத் திறந்து காட்டச் சொன்னா சண்டைக்கு வர்றாங்க. செடியைக் காட்டச் சொன்னா மட்டும் சந்தோஷமாக் காட்டுறாங்க."

இதற்கு மேல் நான் என்ன எழுத?

வெறும் சண்டையாக முடிக்க எனக்குப் பிடிக்காது. வாத்தியார் புத்தி, செய்முறை சொல்லாமல் பாடம் முடியாது. புரோமிலியாட் வைத்திருப்பவர்களும் வைக்க நினைப்பவர்களும் குறித்துக்கொள்ளுங்கள்.

ஒன்று. இந்த வெப்பத்தில் முட்டை பொரிந்து, புழுவாகி, கூட்டுப்புழுவாகிக் கொசுவாய்ப் பறக்க ஏழிலிருந்து பத்து நாள் ஆகும். ஆகவே வாரத்துக்கு ஒருமுறை தவறாமல் கிண்ணத்தின் நடுவில் ஓஸ் பைப்பை வைத்து வேகமாக அடித்துப் பழைய தண்ணீரை முழுக்க வெளியே தள்ளிவிடுங்கள். சின்னத் தொட்டி என்றால் அப்படியே கவிழ்த்துவிட்டு நிமிர்த்துங்கள். வெளியே விழுந்த தண்ணீர் மண்ணில் ஊறிவிட்டால் புழு செத்துவிடும். தட்டிலோ சாக்கடையிலோ தேங்கக் கூடாது. தொட்டிக்கு அடியில் தட்டே வைக்காதீர்கள்.

இரண்டு. கை எட்டாத மூலையில் செடி வைக்காதீர்கள். நான் பட்டுத் தெரிந்துகொண்டது.

மூன்று. துத்தம் வேண்டாம், மண்ணெண்ணெயும் வேண்டாம். இரண்டும் செடியைக் கொன்றுவிடும். எங்கள் ஊர் போர் தண்ணீர் உப்பு. அது கிண்ணத்தில் வெள்ளையாகப் படியும். மழைத் தண்ணீர் பிடித்து வைத்து ஊற்றினால் நல்லது. பிடித்து வைத்ததைத் துணி கட்டி மூட வேண்டும் என்று இனிமேலும் நான் சொல்ல வேண்டியதில்லை.

நான்கு. வாரம் ஒருமுறை பார்க்க நேரமில்லையா? கிண்ணம் இல்லாத இனங்களை வாங்குங்கள். டிக்கியா என்று முள்ளோடு ஒரு வகை, வெட்டவெயிலில் கற்றாழை மாதிரி நிற்கும், தண்ணீர் பிடிக்காது. டில்லான்சியா என்று தாடி மாதிரி தொங்கும் வகையும் உண்டு. அதற்கு மண்ணே வேண்டாம், தண்ணீரைத் தெளித்தால் போதும். இரண்டுக்கும் நேரமில்லை என்றால் செடியே வேண்டாம். அதில் ஒரு அவமானமும் இல்லை.

ஐந்து. செலவே இல்லாமல் ஆரம்பிக்க விரும்புபவர்கள் அன்னாசி வாங்கினால் கொண்டையைக் குப்பையில் போடாதீர்கள். திருகி எடுத்து, அடி இலைகளை உரித்து, இரண்டு நாள் நிழலில் காயவைத்து நடுங்கள். ஒன்றரை இரண்டு வருடத்தில் காய்க்கலாம். அதற்கும் வாரம் ஒரு ஓஸ் பைப் அடி உண்டு. விதிவிலக்கு யாருக்கும் இல்லை.

கடைசியாக எங்கள் தெருக்காரர்களுக்கு. இதை நீங்கள் எல்லோரும் படிப்பீர்கள் என்று தெரியும்.

அந்தக் குழந்தை எனக்கும் பேத்தி மாதிரிதான். என் செடியால் அதற்கு ஒரு காய்ச்சல் வரும் என்றால் முப்பத்தொன்றையும் நானே குப்பை வண்டியில் ஏற்றுவேன், யாரும் வந்து சொல்ல வேண்டாம். அந்த இரண்டு தொட்டியில் புழுவைப் பார்த்த அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. அதனால்தான் ஒரு ஒப்பந்தம் கேட்கிறேன். ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்கு நான் என் செடிகளுக்குத் தண்ணீர் மாற்றுவேன். அதே நேரத்தில் நீங்கள் டிரம்மைக் கவிழ்த்து உள்சுவரை நாரால் தேய்த்துக் கழுவுங்கள். தண்ணீரைக் கொட்டினால் மட்டும் போதாது. ஏடிஸின் முட்டை ஓரத்தில் ஒட்டிக்கொண்டு மாதக்கணக்கில் காய்ந்து கிடந்தாலும் மறுபடி தண்ணீர் பட்டதும் பொரியும். ஃபிரிட்ஜ் தட்டைப் பாருங்கள். மொட்டைமாடிக்கு ஏறிப் பாருங்கள். ஏழேகாலுக்கு நான் வெள்ளைக் கிண்ணத்தோடு வருகிறேன். என் வீட்டுக்கு நீங்கள் வாருங்கள், உங்கள் வீட்டுக்கு நான். என் செடியில் ஒரு புழு கண்டால் அந்தச் செடி அன்றே போகும். உங்கள் டிரம்மில் கண்டால் டிரம் போக வேண்டாம், ஒரு துணி கட்டினால் போதும். யாருக்குச் சலுகை அதிகம் என்று நீங்களே பாருங்கள்.

தைப்பூசத்துக்குத் தெப்பக்குளத்தில் தெப்பம் வரும்போது ஊரே கரையில் கூடுகிறோம். 1645-இல் திருமலை நாயக்கர் வெட்டிய குளத்தில் வைகைத் தண்ணீர் நிறைந்து நின்றால் நமக்கெல்லாம் வயிறு நிறைந்த மாதிரி இருக்கிறது. அவ்வளவு பெரிய தண்ணீரைக் கொண்டாடத் தெரிந்த ஊருக்கு ஒரு டிரம் தண்ணீரை மூடி வைக்கத் தெரியாதா?

போன ஞாயிறு மூன்று வீட்டுக்காரர்கள் வந்தார்கள். "துத்தம் ஊத்துங்கக்கா" என்று சொன்னவரும் அதில் ஒருவர். போகும்போது ஒரு கன்று கேட்டார். இலையில் எழுதி ஒட்டித்தான் கொடுத்தேன்: "ஞாயிறு காலை 7 மணி."

பகிர விரும்புபவர்கள் முழுதாகப் பகிருங்கள். பாதியை வெட்டி, நாலு ஆச்சரியக்குறி போட்டு அனுப்ப வேண்டாம். திட்டுவதானால் பெயரோடு திட்டுங்கள், பதில் சொல்கிறேன்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்,
வண்டியூர், மதுரை.